வாயில் நுழையாத ஆங்கிலச் சொற்கள்: உச்சரிப்பையும் பொருளையும் பிடிக்கும் வழி

ஆங்கிலம் ஓரளவு படிக்கவும் எழுதவும் வந்துவிட்ட பிறகும் சில சொற்கள் நம்மை நிறுத்தி வைத்துவிடும். செய்தித்தாளில் வரும், தேர்வுத் தாளில் வரும், அர்த்தம் குத்துமதிப்பாகப் பிடிபடும், ஆனால் நாலு பேர் முன்னால் வாய்விட்டுப் படி என்று சொன்னால் தயக்கம் வந்துவிடும். தமிழ் வழியில் படித்துவிட்டு வேலைக்கு வந்தவர்கள், போட்டித் தேர்வுக்குத் தயாராகிறவர்கள், வெளிநாடு போக மொழித் தேர்வு எழுதுகிறவர்கள் எல்லோருக்கும் இந்தச் சிக்கல் உண்டு. வாட்ஸ்அப்பில் சுற்றும் ‘ஆயிரம் கடினச் சொற்கள்’ மாதிரியான பட்டியலை உட்கார்ந்து மனப்பாடம் செய்வதால் இது தீராது. இன்றைக்குப் படித்தது அடுத்த வாரம் மறந்துபோகும், உச்சரிப்பு அப்போதும் தெரியாது.

இதற்கு ஒரு வழி இருக்கிறது. புதிய சொல்லைப் பார்த்ததும் எழுத்தைக் கூட்டி வாசிக்காதீர்கள். இது எந்த மொழியிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்தது என்று முதலில் கேளுங்கள். வந்த வழி தெரிந்தால் உச்சரிப்பில் பாதியும் பொருளில் பாதியும் கைக்கு வந்துவிடும். மீதியைத்தான் அகராதியில் தேட வேண்டும்.

படிப்பதற்கு முன் பக்கத்தில் ஒரு காகிதமும் பேனாவும் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். ஸ்பெல்லிங்கையெல்லாம் இங்கே தமிழிலேயே சொல்லப்போகிறேன், நீங்கள் ஆங்கிலத்தில் எழுதிப் பார்த்துக்கொண்டே வாருங்கள்.

ஸ்பெல்லிங் ஏன் ஏமாற்றுகிறது

தமிழ் எழுத்தைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு, எழுதியிருப்பதை அப்படியே வாசிக்கலாம் என்ற நம்பிக்கை இருக்கும். ஆங்கிலத்தில் அந்த நம்பிக்கையை விட்டுவிட வேண்டும். வில்லியம் காக்ஸ்டன் இங்கிலாந்தின் முதல் அச்சகத்தை வெஸ்ட்மின்ஸ்டரில் அமைத்தது 1476இல். சுமார் 1400க்கும் 1700க்கும் இடையில் ஆங்கிலத்தின் நெடில் உயிரொலிகள் ஒட்டுமொத்தமாக இடம் மாறிக்கொண்டிருந்தன. அச்சில் ஏறிய ஸ்பெல்லிங் மெல்ல மெல்லக் கெட்டிப்பட்டுவிட்டது, வாயில் இருந்த ஒலி மட்டும் மாறிக்கொண்டே போனது. கத்திக்கு நாம் ‘நைஃப்’ என்கிறோமே, அதன் முதலில் நிற்கும் கே ஒரு காலத்தில் உண்மையாகவே ஒலித்த எழுத்துதான்.

அப்புறம் படித்தவர்கள் செய்த வேலை ஒன்று இருக்கிறது. கடனைக் குறிக்கும் ‘டெட்’ பிரெஞ்சிலிருந்து வந்தபோது அதில் பி என்ற எழுத்தே கிடையாது. லத்தீன் மூலத்தில் பி இருக்கிறது, அதைக் காட்ட வேண்டும் என்று பிற்பாடு அறிஞர்கள் நடுவில் செருகினார்கள். ‘ரிசீட்’டில் வரும் ஊமை எழுத்துக்கும் இதே கதைதான். தீவைக் குறிக்கும் ‘ஐலண்ட்’ பழைய ஆங்கிலச் சொல், லத்தீனுக்கும் அதற்கும் நேரடித் தொடர்பே இல்லை, ஆனாலும் லத்தீன் சொல்லில் எஸ் இருக்கிறதே என்று இதற்கும் ஒரு எஸ் போட்டுவிட்டார்கள். இப்படி ஊமை எழுத்து ஒவ்வொன்றுக்கும் பின்னால் பெரும்பாலும் ஒரு காரணம் இருக்கிறது. காரணம் தெரிந்த எழுத்து மறக்காது.

முதலில் கேளுங்கள், பிறகு சொல்லுங்கள்

கேம்பிரிட்ஜ், ஆக்ஸ்ஃபோர்டு லேர்னர்ஸ், மெரியம் வெப்ஸ்டர் ஆகிய மூன்று அகராதிகளும் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன, மூன்றிலும் சொல்லுக்குப் பக்கத்தில் ஸ்பீக்கர் படம் இருக்கும். அதை அழுத்திக் கேட்ட பிறகுதான் வாயைத் திறக்க வேண்டும் என்று ஒரு பழக்கம் வைத்துக்கொள்ளுங்கள். வாக்கியத்துக்குள் எப்படி வருகிறது என்று கேட்க யூக்ளிஷ் என்ற தளம் நல்லது, யூட்யூப் பேச்சுகளில் அந்தச் சொல் வரும் இடத்தை மட்டும் எடுத்துக் காட்டும். யூட்யூபில் ‘உச்சரிப்பது எப்படி’ என்ற தலைப்பில் வரும் ஒற்றைச் சொல் வீடியோக்களை நம்பாதீர்கள். விளையாட்டுக்கென்றே தப்பாகச் சொல்லித்தரும் வீடியோக்கள் அதில் கலந்து கிடக்கின்றன.

பிரிட்டிஷ் உச்சரிப்பா, அமெரிக்க உச்சரிப்பா என்ற கேள்வி வரும். ‘ஷெட்யூல்’ என்பதும் ‘ஸ்கெஜூல்’ என்பதும் சரி. ராணுவப் பதவியை பிரிட்டிஷ்காரர்கள் ‘லெஃப்டெனன்ட்’ என்பார்கள், அமெரிக்கர்கள் ‘லூடெனன்ட்’ என்பார்கள். ஏதாவது ஒன்றைப் பிடித்துக்கொண்டு அதிலேயே இருங்கள், அவ்வளவுதான்.

சரி, கேட்டதை நோட்டில் எப்படிக் குறித்து வைப்பது? நம்மில் பலரும் தமிழில் எழுதி வைத்துக்கொள்வோம். அது ஞாபகத்துக்கு உதவும், ஆனால் போதாது. மேலே நான் ‘பி’ என்று எழுதியபோதே அது பென்சிலின் பி-யா, பஸ்ஸின் பி-யா என்று உங்களுக்குச் சந்தேகம் வந்திருக்கும். டி-யும் அப்படித்தான். இசட் ஒலிக்கு நம் எழுத்தில் இடமே இல்லை. அதனால் கேம்பிரிட்ஜ், ஆக்ஸ்ஃபோர்டு அகராதிகளில் சாய்ந்த கோடுகளுக்கு நடுவே வரும் ஒலிக்குறிகளில் மூன்றை மட்டும் முதலில் கற்றுக்கொள்ளுங்கள்.

ஒன்று, மேல்பக்கம் போட்டிருக்கும் சின்னச் செங்குத்துக் கோடு. அதற்கு அடுத்து வரும் அசையை அழுத்திச் சொல்ல வேண்டும் என்று அர்த்தம். இரண்டு, முக்காற்புள்ளி மாதிரி இரண்டு புள்ளிகள். அதற்கு முன்னால் உள்ள உயிர் நெடில். மூன்றாவதுதான் மிக முக்கியம்: சின்ன இ எழுத்தைத் தலைகீழாகக் கவிழ்த்துப் போட்ட மாதிரி ஒரு குறி. இதன் பெயர் ஷ்வா. வாயை அகலத் திறக்காமல், உதட்டைக் குவிக்காமல், பாதியிலேயே விட்டுவிடுகிற தேய்ந்த ஒலி. ஆங்கிலத்தில் மிக அதிகமாக வரும் உயிரொலி இதுதான். நமக்கு இது புதிதும் அல்ல. ‘பாக்கு’, ‘காற்று’ என்று சொல்லும்போது கடைசி உகரத்தை முழுதாகவா சொல்கிறோம்? ஒரு மாத்திரை அரை மாத்திரையாகக் குறைகிறது என்று குற்றியலுகரத்தைப் பள்ளியில் படித்திருக்கிறோம். அதே குறுக்கத்தை ஆங்கிலச் சொல்லின் நடுவிலும் தொடக்கத்திலும் செய்யப் பழகினால் பாதிச் சொற்களின் உச்சரிப்பு தானாகவே சீராகிவிடும். ‘கம்-ஃபர்-டே-பிள்’ என்று நாலையும் சமமாக அழுத்தாமல் ‘கம்ஃப்டபிள்’ என்று முதல் அசையை மட்டும் அழுத்தி மற்றதைத் தேய்த்துச் சொல்லிப் பாருங்கள், வித்தியாசம் உடனே தெரியும்.

அழுத்தம் இடம் மாறினால் உயிரொலியும் மாறும். ‘ஃபோட்டோகிராஃப்’ என்பதில் அழுத்தம் முதல் அசையில். அதையே கலையின் பெயராக்கினால் அழுத்தம் இரண்டாவதுக்குத் தாவி ‘ஃபடாக்ரஃபி’ ஆகிவிடும். பெயரடையாக்கினால் மூன்றாவதுக்குப் போய் ‘ஃபோட்டக்ராஃபிக்’. ஒரே வேர், மூன்று இடத்தில் அழுத்தம். ‘ஷன்’ என்று முடியும் சொல்லிலும் ‘இக்’ என்று முடியும் சொல்லிலும் அந்த விகுதிக்கு நேர் முந்திய அசையைத்தான் பெரும்பாலும் அழுத்த வேண்டும், ‘இட்டி’ என்று முடிவதிலும் அப்படியே. இந்த ஒரு விதியை வைத்துக்கொண்டே முன்பின் பார்த்திராத நீளச் சொற்கள் பலவற்றைத் தைரியமாகச் சொல்லலாம்.

எந்த மொழிச் சொல் என்று கேளுங்கள்

அமெரிக்காவில் 1925இலிருந்து தேசிய அளவில் ஸ்பெல்லிங் பீ என்ற, சொல்லைக் கேட்டு எழுத்துக் கூட்டிச் சொல்லும் பள்ளிப் பிள்ளைகளின் போட்டி நடக்கிறது. 1985இல் பாலு நடராஜன் ஜெயித்தார், இந்திய வம்சாவளியினரில் அவர்தான் முதல் வெற்றியாளர். கடைசியாக அவர் சொன்ன சொல் ‘மீல்யூ’, சூழல் என்று பொருள்படும் பிரெஞ்சுச் சொல். அதற்குப் பிறகு நம்மூர்ப் பெயர் உள்ள பிள்ளைகள் எத்தனையோ பேர் அந்தக் கோப்பையை வாங்கிவிட்டார்கள். அகராதியை மனப்பாடம் செய்த பிள்ளைகள் என்று நாம் வியந்துவிட்டுப் போய்விடுகிறோம். மேடையில் அவர்கள் நடுவரிடம் கேட்கும் கேள்விகளைக் கவனியுங்கள்: இதன் பொருள் என்ன, எந்த மொழியிலிருந்து வந்தது, பெயர்ச்சொல்லா வினைச்சொல்லா, வேறு உச்சரிப்பு உண்டா, ஒரு வாக்கியத்தில் சொல்ல முடியுமா. இவற்றில் எந்த மொழி என்ற கேள்விக்கு வரும் பதிலை வைத்துத்தான் ஸ்பெல்லிங்கைக் கட்டுகிறார்கள். நாம் அதைத் திருப்பிப் போட்டு, ஸ்பெல்லிங்கிலிருந்து உச்சரிப்புக்குப் போகப் போகிறோம்.

2021இல் அந்தப் போட்டியின் வெற்றிச் சொல் ‘முர்ராயா’ என்று எழுதப்படும் ஒரு தாவரப் பேரினத்தின் பெயர். நம் கறிவேப்பிலைக்கு வழங்கும் தாவரவியல் பெயரின் முதல் பாதி அதுதான். முர்ரே என்ற தாவரவியலாளரின் பெயரோடு ஒரு ஏ சேர்த்தது என்று தெரிந்துவிட்டால் ஸ்பெல்லிங்கில் தடுமாற எதுவும் இல்லை. அந்தப் பெயரின் பின்பாதி தரங்கம்பாடியில் வேலை பார்த்த கோனிக் என்ற மருத்துவரை நினைவுபடுத்துவது.

கிரேக்கச் சொற்களில் இருந்து தொடங்குவது நல்லது, ஏனென்றால் விதி ஒழுங்காக இருக்கும். பி-ஹெச் வந்தால் ஃப். சி-ஹெச் வந்தால் க். சொல்லின் முதலில் பி-எஸ், பி-டி, எம்-என் என்று இரண்டு மெய்கள் வந்தால் முதல் எழுத்தை விட்டுவிடலாம், சைக்காலஜியில் செய்வது மாதிரி. முதலில் எக்ஸ் வந்தால் இசட் ஒலி. அதனால் ‘கைமீரா’ என்பதைச் ‘சிமேரா’ என்று வாசிக்கக் கூடாது: சிங்கத் தலை, ஆட்டு உடல், பாம்பு வால் கொண்ட கிரேக்கப் புராண விலங்கு அது, நடக்காத கற்பனைக்கும் இப்போது அந்தப் பெயர்தான்.

கிரேக்கத்தில் இன்னொரு பொறி கடைசி இ. ஆங்கிலச் சொல்லில் கடைசி இ பெரும்பாலும் ஊமை, கிரேக்கச் சொல்லில் பல இடங்களில் அது ஒலிக்கும். ஹெச்-ஒய்-பி-இ-ஆர் என்று தொடங்கி பி-ஓ-எல்-இ என்று முடியும் சொல்லைப் பலரும் ‘ஹைபர்போல்’ என்பார்கள். ‘ஹைபர்பலி’ என்பதே சரி, அழுத்தம் ‘பர்’ மேல். பொருள் நமக்கு நன்றாகத் தெரிந்ததுதான், உயர்வு நவிற்சி. இ-பி-ஐ-டி-ஓ-எம்-இ என்பது ‘எபிடோம்’ கிடையாது, ‘இபிட்டமி’. ஒரு குணத்துக்கே இலக்கணமாக நிற்கும் ஆள் அல்லது பொருள். ‘கட்டாஸ்ட்ரஃபி’, ‘அப்பாஸ்ட்ரஃபி’ இரண்டையும் ஏற்கெனவே சரியாகச் சொல்கிறீர்கள் என்றால் மற்றவற்றுக்கும் அதே தடம்தான்.

பிரெஞ்சுச் சொற்கள்தான் அதிகம் படுத்தும். விதி என்னவோ எளிது: கடைசி மெய் பொதுவாக ஒலிக்காது, சி-ஹெச் என்பது ஷ், இ-ஏ-யூ என்பது ஓ. கல்யாண வீட்டில் ‘பொக்கே’ கொடுக்கிறோம், ‘பஃபே’ சாப்பிடுகிறோம், கடைசியில் இருக்கும் டி-யை யாரும் சொல்வதில்லை. அதே தடத்தில் போனால் ஆட்சிக் கவிழ்ப்பு ‘கூ’, ராணுவப் படைப்பிரிவு ‘கோர்’, இடிபாடு ‘டெப்ரீ’, வண்டிச் சட்டகம் ‘ஷாஸி’, சபையில் செய்துவிடும் அசட்டுத் தவறு ‘ஃபோ பா’. கோர் என்ற சொல்லின் கடைசியில் ஒரு இ சேர்ந்தால் அது பிணம், அங்கே எல்லா மெய்யும் ஒலிக்கும்: ‘கோர்ப்ஸ்’.

இதில் கொஞ்சம் தேறியவர்கள் சறுக்கும் இடம் ஒன்று இருக்கிறது. கடைசி மெய்யை விழுங்க வேண்டும் என்று கற்றுக்கொண்ட பிறகு எல்லாவற்றையும் விழுங்க ஆரம்பிப்பார்கள். மெய்க்குப் பின்னால் ஒரு இ இருந்தால் பிரெஞ்சில் அந்த மெய் ஒலிக்கும். உயிர் போக்கும் கடைசி அடிக்கு ‘கூ ட க்ராஸ்’ என்று பெயர், கடைசிச் சொல் சி-இ என்று முடிவதால் ஸ் வந்தே ஆக வேண்டும். ‘க்ரா’ என்று நிறுத்தினால் அது தப்பு.

எப்போது வந்த சொல் என்பதும் கணக்கு. 1066இல் நார்மன்காரர்கள் இங்கிலாந்தைப் பிடித்த பிறகு வந்த பழைய பிரெஞ்சுச் சொற்கள் நூற்றாண்டுகளாக ஆங்கில வாயில் புழங்கி ஆங்கிலமாகவே ஆகிவிட்டன. புதிதாக வந்தவை இன்னும் பிரெஞ்சு மணத்தோடு இருக்கின்றன. ‘சீஃப்’ என்பதும் ‘ஷெஃப்’ என்பதும் ஒரே பிரெஞ்சுச் சொல்தான், தலைவன் என்று பொருள். முன்னது இடைக்காலத்தில் வந்தது, அதனால் ச். பின்னது 19ஆம் நூற்றாண்டில் சமையலறை வழியாக வந்தது, அதனால் ஷ். அதே மாதிரி ‘மெஷின்’ கிரேக்கத்தில் பிறந்த சொல் என்றாலும் பிரெஞ்சு வழியாக வந்ததால் அதில் க் இல்லை. எந்த மொழியில் பிறந்தது என்பதைவிட, கடைசியாக எந்த மொழியைத் தாண்டி ஆங்கிலத்துக்குள் வந்தது என்று பாருங்கள். மெரியம் வெப்ஸ்டர் மாதிரியான அகராதியில் சொல்லின் வரலாறு தனிப் பத்தியாக இருக்கும், பலரும் அதைப் படிக்காமல் தாண்டிவிடுவார்கள். எனக்குக் கேட்டால் அர்த்தத்துக்கு முன்னால் படிக்க வேண்டிய பத்தி அதுதான்.

ஜெர்மன் நேர்மையான மொழி, எழுதியதைச் சொல்லும், ஆனால் அதன் கணக்கில் சொல்லும். இ-ஐ வந்தால் ஐ, ஐ-இ வந்தால் ஈ. டபிள்யூ என்பது வ், வி என்பது ஃப். ‘ஃபோக்ஸ்வேகன்’ என்று கார் விளம்பரத்தில் சொல்கிறார்களே, அதன் ஸ்பெல்லிங் வி-யில் தொடங்குவதை நினைத்துக்கொள்ளுங்கள். அடுத்தவர் துன்பத்தைப் பார்த்து உள்ளுக்குள் சந்தோஷப்படுவதற்கு ‘ஷாடன்ஃப்ராய்டா’, ஒரு காலகட்டத்தின் மனநிலைக்கு ‘ஸைட்கைஸ்ட்’. 2024 ஸ்பெல்லிங் பீயின் கடைசிச் சொல் ‘ஆப்ஸைல்’. கயிற்றைப் பிடித்துக்கொண்டு பாறையிலிருந்து சறுக்கி இறங்குவது, ஜெர்மனில் ‘ஆப்’ என்றால் கீழே, ‘ஸைல்’ என்றால் கயிறு. பிரிட்டனில் ‘ஆப்ஸெய்ல்’ என்றே சொல்கிறார்கள், இரண்டும் சரி.

இத்தாலியனில் சி-ஹெச் வந்தால் க், ஜி-என் வந்தால் ஞகரம் மாதிரி ஒரு ஒலி. ‘ப்ரூஸ்கெட்டா’ என்று கேட்டு வாங்குங்கள், ‘ப்ருஷெட்டா’ அமெரிக்காவில் பரவலாக இருந்தாலும் இத்தாலிய உச்சரிப்பு க் தான். பேச்சில் ஒரு விஷயத்திலிருந்து இன்னொன்றுக்கு நழுவிப் போவதற்கு ‘செக்வே’, எழுத்து எஸ்-இ-ஜி-யூ-இ. ஸ்பானிஷில் ஜே என்றால் ஹ், பீட்ஸா மேல் தூவும் அந்த மிளகாய் ‘ஹாலபேன்யோ’.

எந்த விதிக்கும் அடங்காத கொஞ்சம் சொற்கள் உண்டு, அவற்றை அப்படியே மனத்தில் போட்டுக்கொள்வதைத் தவிர வழியில்லை. சி-ஓ-எல்-ஓ-என்-இ-எல் என்று எழுதி ‘கர்னல்’ என்று சொல்கிறோம், இத்தாலியனில் எல் இருந்தது, பிரெஞ்சு வழியாக ஆர் ஆன ஒரு வடிவமும் வந்தது, எழுத்து ஒன்றிலும் ஒலி இன்னொன்றிலுமாக நின்றுவிட்டது. க்யூ-யூ-ஏ-ஒய் என்றால் ‘கீ’, கப்பல் அணையும் துறை. உணவுப் பண்டங்களுக்கு வி-ஐ-சி-டி-யூ-ஏ-எல்-எஸ் என்று எழுதி ‘விட்டில்ஸ்’ என்பார்கள். குற்றம் சாட்டுவது ‘இன்டைட்’, நடுவில் இருக்கும் சி ஊமை. மாலுமிகள் நீளச் சொற்களை நசுக்கியே வைத்திருக்கிறார்கள், ‘போட்ஸ்வெய்ன்’ என்று எழுதியது ‘போசன்’, ‘ஃபோர்காசில்’ என்று எழுதியது ‘ஃபோக்சில்’. இங்கிலாந்து ஊர்ப் பெயர்களும் இதே ரகம்: ‘வுஸ்டர்’, ‘லெஸ்டர்’, ‘க்ளாஸ்டர்’, ‘க்ரெனிச்’. திருவல்லிக்கேணியை ட்ரிப்ளிகேன் ஆக்கியவர்கள் தங்கள் ஊர்களையும் விட்டுவைக்கவில்லை.

நம்மிடமிருந்து போன சொற்கள்

இவை தமிழ் வாசகருக்குச் சுலபமாகத் தெரிகிற சொற்கள், ஆனால் தமிழில் சொல்வது மாதிரி சொன்னால் ஆங்கிலத்தில் புரியாது. 1886இல் வெளிவந்த ஹாப்சன் ஜாப்சன் என்ற ஆங்கிலோ இந்தியச் சொல்லகராதியில் இவற்றில் பலவற்றின் வரலாறு இருக்கிறது. அதை எழுதிய இருவரில் ஒருவரான பர்னெல் தஞ்சாவூரில் பணியாற்றியவர். ‘மல்லிகடானி’ என்ற சூப் நம் மிளகுத் தண்ணி, அழுத்தம் ‘டா’ மேல். ‘ஷரூட்’ என்றால் சுருட்டு, அழுத்தம் ‘ரூட்’ மேல். ‘ஆனிகட்’ நம் அணைக்கட்டு, கல்லணைக்கு ஆங்கிலத்தில் க்ராண்ட் ஆனிகட் என்றே பெயர். ‘கேட்டமரான்’ நம் கட்டுமரம், கடைசி அசையில் அழுத்தம், ஆனால் பொருள் மாறிவிட்டது: ஆங்கிலத்தில் அது இரண்டு உடல்கூடுகளைப் பக்கம் பக்கமாக இணைத்த படகு.

இந்தக் குடும்பத்தில் ஒரு சொல்லை மட்டும் அறிந்து வைத்துக்கொண்டு பயன்படுத்தாமல் இருங்கள். ஒதுக்கப்பட்டவர் என்ற பொருளில் ஆங்கிலப் பத்திரிகைகள் இன்றும் எழுதும் ‘பரையா’. அது தமிழ்நாட்டின் ஒரு சாதிப் பெயரிலிருந்து எடுத்து வசைச்சொல்லாக ஆக்கப்பட்டது. உலக அரசியல் கட்டுரையில் ஒரு நாட்டைச் சாதாரணமாக அப்படிச் சொல்லிவிட்டுப் போவார்கள். அதன் வலி தெரிந்த நாம் வேறு சொல் தேடிக்கொள்ளலாம், ஆங்கிலத்தில் அதற்குப் பஞ்சமில்லை.

‘ஸெரன்டிப்பிட்டி’ இலங்கையோடு தொடர்புடையது. இலங்கைக்கு அரபியரும் பாரசீகரும் வைத்த பெயர் செரந்தீப். அந்தப் பெயரை வைத்து ஹொரேஸ் வால்போல் 1754இல் ஒரு கடிதத்தில் இந்தச் சொல்லைப் புதிதாக உருவாக்கினார். தேடாமலே நல்லது கையில் கிடைப்பது என்று பொருள். ‘இட்டி’யில் முடிகிறது, அதனால் அழுத்தம் ‘டிப்’ மேல்.

பதம் பிரியுங்கள்

பகுதி, விகுதி, இடைநிலை, சாரியை என்று பகுபத உறுப்பிலக்கணம் எழுதி மார்க் வாங்கியவர்கள் நாம். நீளமான ஆங்கிலச் சொல்லுக்கு அதே வேலையைச் செய்யுங்கள். 2023 ஸ்பெல்லிங் பீயின் கடைசிச் சொல் ‘சாமோஃபைல்’, முதலில் ஊமையாக ஒரு பி இருக்கும், கிரேக்கம்தான். ‘சாமோ’ என்றால் மணல், ‘ஃபைல்’ என்றால் விரும்புவது. மணலை விரும்பி வளரும் உயிர். கடற்கரை மணலில் படரும் அடும்பங்கொடியை நினைத்துக்கொண்டால் இந்தச் சொல் ஜென்மத்துக்கும் மறக்காது. ஒரு சொல்லைப் பிரித்ததால் கிடைத்த ‘ஃபைல்’ அடுத்த பத்துச் சொற்களுக்குச் சாவியாக உதவும் என்பதுதான் இதில் லாபம்.

‘பெட்ரிக்கோர்’ இப்போது இணையத்தில் எல்லோரும் எழுதும் சொல். 1964இல் ஆஸ்திரேலிய விஞ்ஞானிகள் இசபெல் ஜாய் பேர், ரிச்சர்ட் தாமஸ் இருவரும் ஒரு ஆய்வுக் கட்டுரைக்காக உருவாக்கினார்கள். ‘பெட்ரா’ கல், ‘ஐக்கோர்’ கிரேக்கக் கடவுளரின் உடம்பில் ஓடும் ரத்தம். முதல் மழையில் எழும் மண்வாசனைக்கு அப்படி ஒரு பெயர். கிரேக்கம் என்று தெரிந்ததும் சி-ஹெச் க் ஆக வேண்டும் என்று உங்களுக்கே தோன்றியிருக்கும்.

‘டிஃபெனஸ்ட்ரேஷன்’ என்பதில் ‘ஃபெனஸ்ட்ரா’ லத்தீனில் ஜன்னல், முன்னால் உள்ள ‘டி’ வெளியே தள்ளுவதைக் குறிக்கிறது. ஒருவரை ஜன்னல் வழியாகத் தூக்கி எறிவது. இதற்கெல்லாம் ஒரு சொல்லா என்று தோன்றும், ஆனால் 1618இல் பிராக் கோட்டை ஜன்னலிலிருந்து மூன்று அதிகாரிகளை அப்படித்தான் வீசினார்கள். மூவரும் பிழைத்துக்கொண்டார்கள், ஐரோப்பாவில் முப்பதாண்டுப் போர் அதிலிருந்து மூண்டது. இப்போது பதவியிலிருந்து ஒருவரைத் திடீரென்று தூக்குவதற்கும் இதைச் சொல்கிறார்கள்.

சசி தரூர் 2017இல் ட்விட்டரில் எழுதி நாடே அகராதியைப் புரட்டிய ‘ஃபராகோ’ ஞாபகம் இருக்கும். லத்தீனில் அது மாட்டுக்கு வைக்கும் கலப்புத் தீவனம், அதனால் கண்டதையும் கலந்த குப்பைக் குவியல் என்ற பொருள் வந்தது. அவரே அடுத்த ஆண்டு எழுதிய 29 எழுத்துச் சொல்லையும் பிரித்துப் பார்த்தால் பயம் போய்விடும்: ‘ஃப்ளாக்ஸி’, ‘நாஸி’, ‘நிஹிலி’, ‘பிலி’, கடைசியில் ‘ஃபிக்கேஷன்’. முதல் நான்கும் லத்தீனில் ஒன்றுமில்லாதது, அற்பம் என்ற பொருளில் வருபவை, நான்கையும் வரிசையாக அடுக்கி ஒன்றை மதிப்பில்லாதது என்று தள்ளுவதற்குப் பெயராக்கிவிட்டார்கள். ‘ஷன்’ முடிவு, ஆகவே அழுத்தம் ‘கே’ மேல். நான்கு தடவை மெதுவாகச் சொன்னால் ஐந்தாவது தடவை சரளமாக வரும்.

பொருளில் ஏமாறும் இடங்கள்

பதம் பிரிப்பது எப்போதும் காப்பாற்றாது. பெட்ரோல் டேங்கர் லாரியின் பின்னால் ‘ஹைலி இன்ஃப்ளேமபிள்’ என்று எழுதியிருக்கும். ‘இன்’ என்றால் எதிர்மறை என்று கற்றவர் இதைத் தீப்பிடிக்காது என்று படித்துவிட்டால் விபரீதம். இங்கே அந்த ‘இன்’ எதிர்மறை இல்லை, தீ மூட்டுவதைக் குறிக்கும் லத்தீன் வினையின் ஒரு பகுதி. இந்தக் குழப்பத்துக்காகவே பல நாடுகளில் முன்னொட்டை எடுத்துவிட்டு ‘ஃப்ளேமபிள்’ என்று மட்டும் எழுதுகிறார்கள்.

‘எனர்வேட்’ காதில் எனர்ஜி மாதிரி விழும், பொருள் நேர் எதிர்: சக்தியை உறிஞ்சுவது, சோர வைப்பது. ‘நாய்ஸம்’ சத்தத்தோடு தொடர்பில்லாதது, மூக்கைப் பிடிக்க வைக்கும் நாற்றம். ‘பல்க்ரிட்யூட்’ கேட்க என்னவோ போல இருந்தாலும் அழகு என்றே பொருள். இவற்றைச் சந்தேகத்தோடு பார்க்கப் பழகினால் போதும். அகராதியில் பொருளைப் பார்த்ததும் நிறுத்தாமல் கீழே உள்ள எடுத்துக்காட்டு வாக்கியங்கள் மூன்றையாவது படியுங்கள். பக்கத்தில் ‘ஃபார்மல்’, ‘லிட்டரரி’, ‘ஆர்க்கெயிக்’ என்று சாய்வெழுத்தில் குறிப்பு இருக்கிறதா என்றும் பாருங்கள். ஆர்க்கெயிக் என்றால் வழக்கொழிந்தது, படித்தால் புரிய வேண்டும், எழுத வேண்டியதில்லை. வேலை விண்ணப்பத்தில் அரிய சொற்களை வாரி இறைத்தால் படிப்பவருக்கு எரிச்சல்தான் வரும்.

நோட்டில் என்ன எழுதுவது

சொல்லுக்கு ஒரு வரி. முதலில் சொல், அழுத்தம் விழும் அசைக்குக் கீழே கோடு. அடுத்து வந்த மொழி. அடுத்து பிரித்த பகுதிகள். கடைசியில் நீங்களே எழுதிய ஒரு வாக்கியம், உங்கள் வீடு, தெரு, அலுவலகம் பற்றி இருந்தால் நல்லது. தமிழ்ப் பொருளை அதற்குப் பிறகு எழுதுங்கள், முதலில் எழுதினால் கண் அதோடு நின்றுவிடும். ஒரு நாளைக்கு மூன்று சொல்லுக்கு மேல் வேண்டாம். மறுநாள் ஒருமுறை, வாரக் கடைசியில் ஒருமுறை, மாதக் கடைசியில் ஒருமுறை வாய்விட்டுச் சொல்லுங்கள், தனிச் சொல்லாக அல்ல, வாக்கியத்தோடு. ஃபோனில் பதிவு செய்து அகராதிக் குரலுக்குப் பக்கத்தில் வைத்துக் கேட்டால் எந்த அசை இழுக்கிறது என்று உங்கள் காதே சொல்லிவிடும். கவனிக்க வேண்டிய நம் பழக்கங்கள் மூன்று: சொல் மெய்யில் முடிந்தால் ஒரு உகரம் ஒட்டிக்கொள்வது, ‘ஸ்க’, ‘ஸ்ட’ முன்னால் ஒரு இகரம் முளைப்பது, வி-யும் டபிள்யூவும் ஒன்றாகிவிடுவது. வி-க்கு மேல்பல் கீழுதட்டைத் தொட வேண்டும், டபிள்யூவுக்கு உதடு குவிய வேண்டும். கண்ணாடி முன்னால் நின்று பார்த்தால் ஐந்து நிமிடத்தில் பிடிபடும்.

இன்றைக்கே தொடங்க மூன்று சொற்கள் தருகிறேன். இ-என்-என்-யூ-ஐ, பிரெஞ்சு, எதிலும் பிடிப்பில்லாத அலுப்பு. ஏ-என்-இ-எம்-ஓ-என்-இ, கிரேக்கம், ஒரு பூவுக்கும் ஒரு கடல் உயிருக்கும் பெயர். இசட்-யூ-ஜி-இசட்-டபிள்யூ-ஏ-என்-ஜி, ஜெர்மன், சதுரங்கத்தில் எந்தக் காயை நகர்த்தினாலும் நஷ்டம், நகர்த்தாமலும் இருக்க முடியாது என்ற நிலை. மூன்றுக்கும் உச்சரிப்பை நீங்களே ஊகித்துக் காகிதத்தில் எழுதுங்கள், அழுத்தம் எங்கே என்றும் குறியுங்கள். பிறகு அகராதியைத் திறந்து ஸ்பீக்கரை அழுத்துங்கள்.